தொழில் தகராறுகளில் காவல்துறையும் நீதிமன்றங்களும்

தொழில் தகராறு என்பது அடிப்படையில் கூலி, வேலை நேரம், வேலைப் பாதுகாப்பு ஆகியவற்றைப் பற்றிய பொருளாதாரப் பிரச்சினையாகும். இரு தரப்பினரும் எதிரெதிரே அமர்ந்து கணக்குப் பார்த்துத் தீர்த்துக் கொள்ள வேண்டிய விஷயம் அது. ஆயினும் பேச்சு முறிந்து, ஆலையின் வாயிலில் கூட்டம் திரண்டுவிட்டால், பொருளாதாரப் பிரச்சினை ஒரே நாளில் சட்டம்–ஒழுங்குப் பிரச்சினையாக உருமாறுகிறது. காவல்துறை வருகிறது. அதன் பின்னே நீதிமன்றம் வருகிறது. இவ்விரண்டும் தகராற்றைத் தீர்க்கின்றனவா, அல்லது ஒரு தரப்பின் கையை வலுப்படுத்துவதோடு நின்றுவிடுகின்றனவா என்பது நூறாண்டுகளுக்கு மேலாக நம் நாட்டில் கேட்கப்பட்டு வரும் கேள்வியாகும். மைசூரும் அதனைச் சூழ்ந்த பகுதிகளும் இக்கேள்வியை ஆராய ஏற்ற களம். சமஸ்தானக் காலத்துப் பட்டு, சந்தன எண்ணெய் ஆலைகள் முதல், ஒரு காலத்தில் புகழ் பெற்றிருந்து 1996-இல் மூடப்பட்ட ஐடியல் ஜாவா மோட்டார் சைக்கிள் தொழிற்சாலை, இன்றைய ஹெப்பாள், மேட்டகள்ளி, நஞ்சன்கூடு தொழிற்பேட்டைகள் வரை, ஒரு நூற்றாண்டின் தொழில் வரலாறு இங்கே அடங்கியுள்ளது.

சென்னையில் பிறந்த சட்டம்

இந்தியத் தொழிற்சங்கச் சட்டத்தின் வரலாறு ஒரு நீதிமன்றத் தடையாணையிலிருந்து தொடங்குகிறது என்றால் மிகையாகாது. 1918 ஏப்ரலில் சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது. பி. பி. வாடியா அதன் தலைவராக விளங்கினார். பெரம்பூரிலிருந்த பக்கிங்காம்–கர்நாட்டிக் ஆலைத் தொழிலாளர்களே அதன் முதுகெலும்பு. 1920-ஆம் ஆண்டின் இறுதியில் ஆலையில் கதவடைப்பு ஏற்பட்டது. டிசம்பரில் நடந்த காவல்துறைத் துப்பாக்கிச் சூட்டில் இருவர் உயிரிழந்தனர். அதே சமயத்தில் நிர்வாகம் சென்னை உயர் நீதிமன்றத்தை அணுகியது. தொழிலாளர்களை வேலை ஒப்பந்தத்தை மீறும்படி தூண்டினார்கள் என்று கூறிச் சங்கத் தலைவர்கள் மீது நஷ்டஈட்டு வழக்குத் தொடுத்து, இடைக்காலத் தடையாணையும் பெற்றது. வாடியா தொழிற்சங்க இயக்கத்திலிருந்து விலகிக் கொள்வது என்ற உடன்பாட்டின் பேரில் வழக்கு முடிவுக்கு வந்தது. 1921-இல் நடந்த நீண்ட வேலைநிறுத்தத்தின்போது மீண்டும் துப்பாக்கிச் சூடும் உயிர்ச்சேதமும் நேர்ந்தன.

இந்நிகழ்ச்சியில் இரண்டு கருவிகள் ஒருங்கே பயன்பட்டதைக் கவனிக்க வேண்டும். தெருவில் துப்பாக்கி, நீதிமன்றத்தில் தடையாணை. துப்பாக்கி கூட்டத்தைக் கலைத்தது. தடையாணையோ சங்கத்தின் தலைமையையே அகற்றியது. நிலைத்த விளைவு எதனுடையது என்பதை விளக்க வேண்டியதில்லை. ஆகவேதான் என். எம். ஜோஷி 1921 மார்ச்சில் மத்திய சட்டசபையில் தொழிற்சங்கங்களுக்குச் சட்டப் பாதுகாப்பு வேண்டுமெனத் தீர்மானம் கொண்டு வந்தார். அதன் பயனாக 1926-ஆம் ஆண்டுத் தொழிற்சங்கச் சட்டம் பிறந்து, 1927 ஜூன் முதல் நாளிலிருந்து நடைமுறைக்கு வந்தது. அச்சட்டத்தின் 17-ஆம் பிரிவு, சங்கத்தின் நியாயமான நோக்கங்களுக்காகச் செய்து கொள்ளும் உடன்பாட்டைக் குற்றச்சதியாகக் கருதக்கூடாது என்றது. 18-ஆம் பிரிவு, வேலை ஒப்பந்தத்தை மீறத் தூண்டியதாகக் கூறிச் சங்கத்தின் மீதோ அதன் நிர்வாகிகள் மீதோ உரிமையியல் வழக்குத் தொடர முடியாதென்றது. சென்னையில் ஏற்பட்ட காயத்திற்கு இடப்பட்ட மருந்து என்றே இப்பிரிவைக் கூறலாம்.

மைசூர் சமஸ்தானத்தின் அனுபவம்

1926-ஆம் ஆண்டுச் சட்டம் பிரிட்டிஷ் இந்தியாவுக்கே உரியதாக இருந்தது. மைசூர் சமஸ்தானத் தொழிலாளருக்கு அந்தப் பாதுகாப்புக் கிட்டவில்லை. இதன் விளைவு கோலார் தங்கவயலில் தெளிவாகப் புலப்பட்டது. வட ஆர்க்காடு முதலிய தமிழ் மாவட்டங்களிலிருந்து சென்றவர்களே அச்சுரங்கங்களின் தொழிலாளர்களில் பெரும்பாலோர். 1930 ஏப்ரலில், தொழிலாளர்களின் கைரேகையைப் பதிவு செய்யும் திட்டத்தை நிர்வாகம் அறிவித்தது. குற்றவாளிகளைப் போலத் தங்களைப் பதிவு செய்வதா என்று தொழிலாளர்கள் கொதித்தெழுந்தனர். சுமார் மூன்று வாரங்கள் சுரங்கங்கள் செயலற்றுக் கிடந்தன. அவர்களுக்குப் பதிவு பெற்ற சங்கமும் இல்லை; முறையிடுவதற்கு ஒரு சமரச அதிகாரியும் இல்லை. கூலி உயர்வுக்காக அல்ல, தன்மானத்துக்காக எழுந்த அந்தத் தகராற்றில், தொழிலாளர்கள் நேருக்கு நேர் சந்தித்த அரசாங்க உறுப்பு காவல்துறை ஒன்றே.

1940-ஐ ஒட்டிய ஆண்டுகளில் பெங்களூர் முதலிய இடங்களில் வேலைநிறுத்தங்கள் பெருகியபோது, சமஸ்தான அரசு 1941-இல் ஓர் அவசரச் சட்டத்தையும் 1942-இல் மைசூர் தொழிலாளர் சட்டத்தையும் இயற்றியது. தொழிலாளர் சங்கங்களைப் பதிவு செய்வதற்கும் சமரசப் பேச்சுக்கும் அவை வழி வகுத்தன. போலீஸ் நடவடிக்கையால் மட்டும் தொழில் அமைதியைக் காக்க இயலாது என்று அரசு உணர்ந்ததன் அறிகுறி இது. சுதந்திரத்திற்குப் பின் மைசூர் இந்திய ஒன்றியத்துடன் இணைந்த பின்னர், 1947-ஆம் ஆண்டுத் தொழில் தகராறுகள் சட்டம் இங்கும் செயற்படலாயிற்று.

காவல்துறையின் எல்லை

1947-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி சட்டவிரோத வேலைநிறுத்தம் தண்டனைக்குரியதே. தொழிலாளிக்கு ஒரு மாதச் சிறை அல்லது 50 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும் என்று 26-ஆம் பிரிவு கூறியது. ஆனால் அரசாங்கமோ அதன் அதிகாரம் பெற்றவரோ புகார் செய்தாலன்றி நீதிமன்றம் அக்குற்றத்தை விசாரணைக்கு எடுத்துக் கொள்ளக்கூடாதென 34-ஆம் பிரிவு தடை விதித்தது. இதன் பொருளை இளம் அதிகாரிகள் நன்கு மனத்தில் கொள்ள வேண்டும். வேலைநிறுத்தம் சட்டப்படியானதா என்று முடிவு செய்வது காவல் நிலையத்தின் பணியன்று. அத்தியாவசியப் பணிகள் பராமரிப்புச் சட்டம் போன்ற தனிச் சட்டங்கள் பிறப்பிக்கப்பட்டிருந்தாலன்றி, வேலைக்கு வர மறுத்த ஒரே காரணத்துக்காகக் காவலர் ஒருவரைக் கைது செய்வதற்கு இடமில்லை. உடலுக்குத் தீங்கு, சொத்துக்குச் சேதம், பிறரைத் தடுத்தல், அடைத்து வைத்தல் ஆகியவை நிகழும்போதுதான் காவல்துறையின் கடமை தொடங்குகிறது.

இக்கடமையை ஒரு மாநில அரசே நிறுத்தி வைக்க முடியுமா? இக்கேள்வி 1967-இல் மேற்கு வங்காளத்தில் எழுந்தது. அங்கே நிர்வாக அதிகாரிகளை மணிக்கணக்கில் அறைகளுக்குள் முற்றுகையிட்டு வைக்கும் 'கெராவ்' முறை பரவியது. தொழிலாளர் அமைச்சரின் கவனத்துக்குக் கொண்டு வந்து அவரது உத்தரவைப் பெற்ற பின்னரே காவல்துறை தலையிட வேண்டுமென அம்மாநில அரசு சுற்றறிக்கைகள் அனுப்பியது. ஜே என்ஜினீயரிங் நிறுவன வழக்கில் கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் சிறப்பு அமர்வு அதே ஆண்டில் அச்சுற்றறிக்கைகளைச் செல்லாதவை என்று நீக்கியது. ஒருவரைச் சட்டவிரோதமாக அடைத்து வைப்பது, தொழில் தகராற்றின் பகுதியாக நிகழ்ந்தாலும் குற்றமே. தொழிற்சங்கச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு அதற்குக் கேடயமாகாது. சட்டம் விதித்த கடமையைச் செய்ய வேண்டாமென்று காவலருக்கு நிர்வாக உத்தரவிட முடியாது என்பன அத்தீர்ப்பின் சாரம்.

அத்தீர்ப்பைத் தொழிலாளருக்கு எதிரானதென்று மட்டும் கொள்வது பொருந்தாது. குற்றம் நிகழும்போது காவலர் ஒதுங்கி நிற்கக்கூடாது என்ற அதே நெறி, குற்றம் நிகழாதபோது அவர் குறுக்கிடக்கூடாது என்பதையும் உள்ளடக்கியது. 1962-இல் காமேஷ்வர் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம், அமைதியான ஆர்ப்பாட்டம் அரசியலமைப்பின் 19-ஆவது ஷரத்து தரும் கருத்துரிமையைச் சார்ந்தது என்று கூறிற்று. வேலைநிறுத்தம் அடிப்படை உரிமையன்று என்பதையும் அதே தீர்ப்புத் தெளிவாக்கியது. ஆலை வாயிலுக்கு அப்பால் முழக்கமிட்டு நிற்பவர்களும், வேலைக்குச் செல்ல விரும்புகிறவர்களும், சரக்கை வெளியே அனுப்ப முயலும் நிர்வாகமும் ஆகிய மூவரும் சட்டத்தின் பாதுகாப்பைக் கோர உரிமையுடையவர்களே. இம்மூன்று உரிமைகளுக்கும் இடையே வழி வகுத்துக் கொடுப்பதே காவலரின் பணி. குற்ற நடைமுறைச் சட்டத்தின் 144-ஆம் பிரிவின் கீழும், 2024 ஜூலை முதல் அதன் இடத்தில் வந்துள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 163-ஆம் பிரிவின் கீழும் தடையுத்தரவு பிறப்பிக்கும் அதிகாரம் உண்டு. அது நெருக்கடி நேரத்துக்குரியது. பேச்சுவார்த்தை நடக்க வேண்டிய இடத்தில் அதனை நிரந்தர வேலியாக நாட்டுவது சட்டத்தின் நோக்கமன்று.

நீதிமன்றங்களின் பங்கு

தொழில் தகராறுகளில் நீதிமன்றங்கள் மூன்று படிகளில் செயற்படுகின்றன. முதலாவது, சாதாரண உரிமையியல் நீதிமன்றம். 1975-இல் பிரீமியர் ஆட்டோமொபைல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம், தொழில் தகராறுகள் சட்டத்தினால் மட்டுமே உண்டான உரிமைக்கு அச்சட்டம் காட்டும் வழியிலேயே பரிகாரம் தேட வேண்டுமென்று வரையறுத்தது. 1975-இல் ரோத்தாஸ் தொழிற்சாலை வழக்கில், சட்டவிரோத வேலைநிறுத்தத்தால் ஏற்பட்ட நஷ்டத்தைத் தொழிலாளரிடமிருந்து ஈடாகப் பெற முடியாது என்றது. எனினும் ஆலை வாயிலிலிருந்து இத்தனை மீட்டருக்குள் கூடக்கூடாது என்பன போன்ற தடையாணைகளை நிர்வாகங்கள் இன்றும் உரிமையியல் நீதிமன்றங்களில் நாடுகின்றன. பெரும்பாலும் மறுதரப்பைக் கேளாமலேயே இவை முதலில் வழங்கப்படுவதால், இவற்றின் காலவரையறையையும் தேவையையும் நீதிமன்றங்கள் கூர்ந்து பார்க்க வேண்டியுள்ளது.

இரண்டாவது, தொழிலாளர் நீதிமன்றமும் தொழில் தீர்ப்பாயமும். மைசூரில் தொழிலாளர் நீதிமன்றம் இயங்கி வந்துள்ளது. வேலை நீக்கம் செய்யப்பட்ட ஒரு தொழிலாளியின் பாதையைப் பார்ப்போம். முதலில் அவர் சமரச அதிகாரியிடம் முறையிட வேண்டும். சமரசம் முறிந்தால் அறிக்கை அரசுக்குச் செல்லும். பழைய சட்டத்தில், அரசு தகராற்றை நீதிமன்றத்துக்கு அனுப்பினால்தான் விசாரணை தொடங்கியது. அனுப்ப மறுக்கவும் அரசுக்கு அதிகாரமிருந்தது. இந்த இடைவழியிலேயே பலருடைய வழக்குகள் தங்கிவிட்டன. இதனைக் கண்ட கர்நாடக அரசு 1988-இல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின் மூலம் 10 (4அ) என்ற உட்பிரிவைச் சேர்த்து, வேலை நீக்கப்பட்டவர் ஆறு மாதங்களுக்குள் நேரடியாகத் தொழிலாளர் நீதிமன்றத்தை அணுக வழி செய்தது. மத்திய சட்டத்தில் இத்தகைய வசதி 2010-இல்தான் இடம் பெற்றது. இவ்விஷயத்தில் கர்நாடகம் நாட்டுக்கு வழிகாட்டியது.

மூன்றாவது, உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும். கர்நாடகத்திலிருந்து சென்ற வழக்குகள் சில நாடு முழுவதற்கும் சட்டமாகியுள்ளன. பெங்களூர்க் குடிநீர் வாரியத்தின் ஊழியர்கள் சிலருக்கு அபராதம் விதிக்கப்பட, அவர்கள் தொழிலாளர் நீதிமன்றத்தை நாடினர். தாங்கள் நடத்துவது 'தொழில்' அன்று என வாரியம் வாதிட்டது. ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு 1978-இல், முறையான செயற்பாடும் முதலாளி–தொழிலாளி உறவும் மக்களின் தேவைகளை நிறைவு செய்யும் நோக்கமும் இருந்தால் அது தொழிலே என்று தீர்ப்பளித்தது. இலாப நோக்கம் இன்றியமையாததன்று. சிறு தொகையைப் பற்றிய ஒரு முறையீட்டிலிருந்து மருத்துவமனைகள், கல்வி நிலையங்கள் முதலியவற்றின் ஊழியர்களுக்கும் சட்டத்தின் கதவு திறந்தது. 1994-இல் சிண்டிகேட் வங்கி–உமேஷ் நாயக் வழக்கில், வேலைநிறுத்த நாட்களுக்குச் சம்பளம் பெற வேண்டுமானால் அவ்வேலைநிறுத்தம் சட்டப்படியானதாகவும் நியாயமானதாகவும் இருத்தல் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் விளக்கியது.

2003-இல் தமிழக அரசு ஊழியர் வழக்கில், அரசு ஊழியருக்கு வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமையோ, சட்ட உரிமையோ, தார்மிக உரிமையோ இல்லை என உச்ச நீதிமன்றம் கூறியது பெரும் விவாதத்துக்குள்ளாயிற்று. ஆனால் ஒட்டுமொத்தமாக நீக்கப்பட்டிருந்த ஊழியர்களில் மிகப் பெரும்பாலோர் மீண்டும் வேலையில் அமர்ந்ததும் அதே வழக்கின் நடவடிக்கைகளின் வழியாகத்தான். உரிமையைக் குறுக்கிய மன்றமே சமரசம் செய்வித்தது என்பது எண்ணிப் பார்க்கத் தக்கது.

தாமதத்தின் விலை

நீதிமன்றப் பாதையில் தொழிலாளிக்கு நேரும் பெரிய இடர், எதிர்த் தீர்ப்பைவிடத் தாமதமே. தொழிலாளர் நீதிமன்றத்தில் வென்றவர், உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுவையும் அதன் மேல் முறையீட்டையும் சந்திக்க வேண்டும். நிர்வாகத்துக்கு அது ஒரு கணக்குத் தலைப்பு. வேலையிழந்தவருக்கோ குழந்தைகளின் படிப்பும் வாடகையும் சேர்ந்த வாழ்க்கை. இதனை உணர்ந்தே 1982-ஆம் ஆண்டுத் திருத்தத்தின் மூலம் 17ஆ பிரிவு சேர்க்கப்பட்டது. மறுநியமன உத்தரவை எதிர்த்து நிர்வாகம் மேல் நீதிமன்றம் சென்றால், வழக்கு முடியும் வரை, வேறு வேலையில் இல்லாத தொழிலாளிக்குக் கடைசியாகப் பெற்ற ஊதியத்தைத் தர வேண்டும் என்பது அதன் ஏற்பாடு.

குற்றவியல் வழக்குகளில் தாமதம் இன்னும் கொடியது. ஹரியானாவில் மானேசர் மாருதி தொழிற்சாலையில் 2012 ஜூலை 18 அன்று நடந்த வன்முறையில் மனிதவளப் பிரிவின் உயர் அதிகாரி ஒருவர் உயிரிழந்தார். அது மன்னிக்க இயலாத கொடுமை. 148 தொழிலாளர் மீது வழக்குத் தொடரப்பட்டது. 2017 மார்ச்சில் வந்த தீர்ப்பில் 31 பேர் தண்டிக்கப்பட்டனர். 117 பேர் விடுதலை பெற்றனர். விடுதலை பெற்றவர்களில் பலர் அதற்குள் ஆண்டுக்கணக்கில் சிறையில் கழித்திருந்தனர். கூட்டத்திலிருந்து குற்றவாளியைப் பிரித்தறியாத புலன் விசாரணை இறந்தவருக்கும் நீதி செய்வதில்லை. நிரபராதிக்கும் நீதி செய்வதில்லை.

கர்நாடகத்தின் அண்மைப் படிப்பினைகள்

2016 ஏப்ரலில் பெங்களூரில் ஆயத்த ஆடைத் தொழிலாளர்கள், பெரும்பாலும் பெண்கள், வருங்கால வைப்பு நிதியை எடுப்பதற்கு விதிக்கப்பட்ட புதிய கட்டுப்பாட்டை எதிர்த்துச் சாலைகளில் திரண்டனர். அவர்களுக்குத் தலைமை தாங்கிய சங்கம் எதுவுமில்லை. எனவே காவல்துறைக்குப் பேசுவதற்கும் ஆளில்லை. தடியடியும் கண்ணீர்ப்புகையும் நிகழ்ந்தன. இரண்டாம் நாளிலேயே மத்திய அரசு அவ்வறிவிக்கையைத் திரும்பப் பெற்றது. 2020 டிசம்பர் 12 அன்று கோலார் அருகே நரசாபுரத்திலுள்ள விஸ்ட்ரான் கைப்பேசித் தொழிற்சாலையில் ஊதியம் குறித்த மனக்குறை சூறையாடலாக வெடித்தது. காவல்துறை நூற்றுக்கு மேற்பட்டோரைக் கைது செய்தது. பின்னர் நடந்த ஆய்வுகளில் ஊதியப் பட்டுவாடாவில் குறைபாடுகள் இருந்தமை வெளிப்பட்டது. நிறுவனமும் அதனை ஒப்புக்கொண்டது. ஊதியப் பதிவேட்டைச் சோதிக்கும் ஆய்வாளர் முந்தி வந்திருந்தால், காவலர் பிந்தி வர வேண்டிய தேவையே எழுந்திராது.

மைசூரை அடுத்த ஸ்ரீரங்கபட்டணத்தில் 2020 ஜூனில் ஓர் ஏற்றுமதி ஆடை ஆலை மூடப்பட்டபோது, ஆயிரத்துக்கு மேற்பட்ட தொழிலாளர்கள் வேலையிழந்து ஆலை வாயிலில் பல வாரங்கள் அமைதியாக அமர்ந்திருந்தனர். அங்கே வன்முறை நிகழவில்லை. காரணம், அவர்களிடையே சங்கம் இருந்தது. பின்னர் சங்கத்துடன் ஏற்பட்ட உடன்பாட்டினால் பிரச்சினை தீர்வை நோக்கி நகர்ந்தது. 2021 ஏப்ரலில் மாநிலப் போக்குவரத்துக் கழக ஊழியர்கள் நடத்திய இரு வார வேலைநிறுத்தம், உயர் நீதிமன்றத்தின் அறிவுரைக்குப் பின் 21-ஆம் தேதி முடிவுற்றது. மைசூரின் கிராமங்களுக்குப் பேருந்துகள் மீண்டும் ஓடின. ஆயினும் பணி நீக்கங்களும் இடமாற்றங்களும் குறித்த மனக்குறைகள் அதன் பின்னரும் நெடுநாள் தொடர்ந்தன. உத்தரவினால் பேருந்தை ஓட வைக்கலாம். மனக்குறையைப் பேச்சினால்தான் தீர்க்க முடியும்.

புதிய தொகுப்புச் சட்டம்

2020-ஆம் ஆண்டுத் தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டம் 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ளது. 1926, 1946, 1947 ஆகிய ஆண்டுகளின் சட்டங்கள் அதனுள் அடங்கிவிட்டன. வேலைநிறுத்தத்துக்கு 14 நாள் முன்னறிவிப்பு, முன்பு பொதுப் பயன்பாட்டுப் பணிகளுக்கு மட்டும் இருந்தது. இப்பொழுது எல்லாத் தொழில்களுக்கும் பொதுவாகிவிட்டது. பாதிப் பேரோ அதற்கு மேற்பட்டோரோ ஒரே நாளில் ஒன்றுகூடித் தற்செயல் விடுப்பு எடுப்பதும் வேலைநிறுத்தமாகக் கருதப்படும். சட்டவிரோத வேலைநிறுத்தத்துக்கான அபராதம் 50 ரூபாயிலிருந்து 1,000 முதல் 10,000 ரூபாய் வரை உயர்ந்துள்ளது. ஆலையை மூட அரசின் முன் அனுமதி தேவைப்படும் தொழிலாளர் எண்ணிக்கை 100-லிருந்து 300 ஆகியுள்ளது. மறுபுறம், 51 விழுக்காடு ஆதரவு பெற்ற சங்கம் பேச்சு நடத்தும் தனிச் சங்கமாக ஏற்கப்படுகிறது. அரசு அனுப்பினால்தான் வழக்கு என்ற பழைய தடையும் நீங்குகிறது; சமரசம் தோற்றால் எத்தரப்பினரும் தீர்ப்பாயத்தை நேரே அணுகலாம். நீதித்துறை உறுப்பினர் ஒருவரும் நிர்வாக உறுப்பினர் ஒருவரும் கொண்ட தீர்ப்பாயங்கள் இனி இவற்றை விசாரிக்கும். சங்கங்களுக்குரிய சட்டப் பாதுகாப்பும், அரசின் புகாரின்றி வழக்கில்லை என்ற நெறியும் தொடர்கின்றன.

வேலைநிறுத்தம் செய்வது கடினமாக்கப்படும்போது, தீர்ப்பாயத்தை விரைவாக இயங்கச் செய்யும் பொறுப்பு அரசின் மேல் இரு மடங்காகிறது. ஒரு வழியைக் குறுக்கி மறு வழியைத் தூர்ந்து போகவிட்டால், மனக்குறை சட்டத்துக்கு வெளியே வழி தேடும். தீர்ப்பாயங்களில் காலியிடங்களை உரிய காலத்தில் நிரப்புவதும், சமரச அதிகாரிகளுக்கு வாகனம், எழுத்தர் முதலிய வசதிகளை அளிப்பதும் சிறு விஷயங்களாகத் தோன்றலாம். தொழில் அமைதி இத்தகைய சிறு விஷயங்களில்தான் தங்கியிருக்கிறது.

தொழிலாளர் துறையில் பணியேற்கும் இளைஞர்களும் காவல் பணியில் சேர்வோரும் ஒரு வரிசையை மறவாதிருத்தல் நலம். முதலில் வர வேண்டியவர் ஆய்வாளர், அடுத்து சமரச அதிகாரி, பிறகு தீர்ப்பாயம், இறுதியில், அதுவும் குற்றம் நிகழ்ந்தால் மட்டும், காவலர். தங்கவயலிலிருந்து நரசாபுரம் வரை, இவ்வரிசை தலைகீழான இடங்களில் எல்லாம் விலை கொடுத்தவர்கள் தொழிலாளர்கள் மட்டுமல்லர். உற்பத்தியும் நாடும் கூட அவ்விலையில் பங்கு செலுத்தியுள்ளன.